கருடனுக்குக் காத்திருந்த பச்சைக்கொடி

பாவூர்சத்திரத்துல நீங்க ரயில் ஏறுனதுல இருந்து உங்களைத்தான் பாத்துட்டு இருக்கேன் சார். கோவிச்சுக்கிடாதிய. கழுத்துல தொங்குதே பைனாகுலர், அதான் காரணம். தூக்கிப் பாத்திய, எறக்கிட்டிய. கண்ணாடியக் கழட்டிட்டுப் பாத்திய, அதுவும் சரிப்படலை, மறுபடி மாட்டிக்கிட்டிய. அடுத்தாப்ல என்ன செய்வியன்னு எனக்குத் தெரியும். 'சாமான் சரியில்லை'ன்னு பைக்குள்ள போடுவிய.

போட்டுறாதிய சார். சாமான்ல ஒரு குத்தமும் இல்லை. அதுல ஒரு சங்கதி இருக்கு, சொல்லுதேன். சட்டுனு சொல்லிறலாம். ஆனா எனக்கு யாரும் சட்டுனு சொல்லலை பாருங்க. திருநெல்வேலி போயிச் சேர நேரம் கெடக்குல்லா? முறுக்கு எடுத்துக்கிடுங்க, வீட்டுல சுட்டதுதான்.

எம்பேரு ஆவுடையப்பன். தென்காசிக்குப் பக்கத்துல ஒரு சின்ன ஊரு. பாத்திரக்கடை வச்சிருக்கேன். என் கண்ணாடியப் பாருங்க, மைனஸ் ஒம்பது. இதைக் கழட்டிட்டா எதுக்க நிக்கிறது எங்க வீட்டுக்காரியா, பீரோவான்னு அவ பேசுனாத்தான் தெரியும். அதை ஒருக்க செண்பகத்துகிட்டயே சொல்லித் தொலைச்சிட்டேன். செண்பகம்தான் வீட்டுக்காரி. 'அப்ப பீரோவையே கட்டியிருக்கலாம்லா'ன்னுட்டா. அப்படிப் பேச்சு.

கண்ணு நல்லா இருக்கிறவனுக்கு நம்ம கஷ்டம் தெரியாது சார். சின்ன வயசுல இருந்தே எவனாவது வானத்தைக் காட்டி 'அதோ'ம்பான். நானும் தலையத் தூக்கி 'ஆமா ஆமா'ம்பேன். ஏரோப்ளேன் போனா ஆமா. மலையில தீ எரிஞ்சா ஆமா. குத்தாலத்துல மரத்து மேல கருங்குரங்குன்னா ஆமா. தெரியலைன்னு வாயத் தொறந்தோம்னா போச்சு. வெரலை மூக்குக்கு நேரா நீட்டி, 'அந்தா அந்தக் கெளைக்கு வலது பக்கம், அந்த எலைக்குக் கீழ'ன்னு உயிரை எடுத்துருவான். எனக்கு மரமே தெரியலை, எலைக்கு நான் எங்க போக? ஆமான்னுட்டா வேலை முடிஞ்சுது.

என் கல்யாணத்துல அருந்ததி காட்டுனாவ. பட்டப்பகல். ஐயர் வானத்தைக் காட்டி 'தெரியுதா'ன்னாரு. யாருக்குத் தெரியும்? ஆனா எல்லா மாப்பிள்ளையும் ஆமாம்பான். நானும் சொன்னேன். அந்த ஒரு எடத்துலதான் ஊரோட ஒண்ணாச் சேந்து பொய் சொன்னேன், மனசுக்கு நிம்மதியா இருந்துச்சு. செண்பகம் என்ன சொன்னா தெரியுமா? மணமேடையில, அத்தனை பேருக்கு முன்னால, 'எனக்குத் தெரியலையே'ன்னா! ஐயர் அரண்டுட்டாரு. அப்புறம் என்னைத் திரும்பிப் பாத்து ஒரு சிரிப்பு சிரிச்சா. எதுக்குச் சிரிச்சாளோ.

நான் ஆமாங்கிறது பொய்னு அவளுக்கு இன்னைக்கு வரைக்கும் தெரியாது சார். அவ்வளவு சுத்தமாச் சொல்லுவேன். எங்க போனாலும் ஏதாவது காட்டணும்னா என் நாடியப் புடிச்சு மூஞ்சிய அந்தப் பக்கமாத் திருப்புவா. அது ஒரு பழக்கம் அவளுக்கு.

ஆனா ஒரே ஒரு ஆமா மட்டும் என்னை ரொம்பப் படுத்திட்டு. போன கும்பாபிஷேகத்துல சொன்ன ஆமா. உங்களுக்கு அந்த வழக்கம் தெரியும்லா? கோபுரத்து உச்சியில பட்டர் குடத்தோட நிப்பாரு. வானத்துல கருடன் வந்து வட்டம் போடணும். போட்டாத்தான் கலசத்துல தண்ணி ஊத்துவாவ. அன்னைக்கு கருடன் வந்துச்சு. 'அதோ, அதோ'ன்னு ஊரே கையெடுத்துக் கும்பிடுது. பொம்பளையெல்லாம் குலவை போடுதாவ. எங்கம்மா தேம்பித் தேம்பி அழுதா. நானும் தலைக்கு மேல கையைத் தூக்கி, ஆமா ஆமான்னு சொல்லிக் கும்பிட்டேன். எனக்குத் தெரிஞ்சது வெறும் வெளிச்சம் சார். வீட்டுக்கு வந்து எலையில உக்காந்தா சோறு எறங்கலை. ஊரே பாத்ததை நான் மட்டும் பாக்கலை. எனக்கு அழுகை அழுகையா வந்துச்சு. அடுத்த கும்பாபிஷேகம் வாரதுக்குள்ள, என்ன செஞ்சாவது, ஒரே ஒரு தடவை கருடனைக் கண்ணால பாத்துறணும்னு மனசுக்குள்ள முடிச்சுப் போட்டுக்கிட்டேன்.

இந்த வருசம் தேதி குறிச்சாவளா, நான் நேரா தூத்துக்குடிக்கு வண்டி ஏறிட்டேன். கப்பல் சாமான் விக்கிற கடை ஒண்ணு. கடைக்காரன் எடுத்துப் போட்டதுலயே பெருசை எடுத்தேன். பெருசா இருந்தா பெருசாத் தெரியும்னு ஒரு நெனப்பு. பஸ்ஸுல மடியில வச்சுக்கிட்டே வந்தேன், பொறந்த பிள்ளையக் கொண்டு வாரது கணக்கா.

மாடியில ஏறி கண்ணுல வச்சா, தெரிஞ்சுது சார். தெரியாம இல்லை. ஆனா ஒரு மோதிர ஓட்டைக்குள்ள எட்டிப் பாத்தா எவ்வளவு தெரியும், அவ்வளவுதான். சுத்தி ஒரே இருட்டு. அதுவும் ரெண்டு ஓட்டை, தனித்தனியா. கண்ணாடியக் கழட்டிட்டுப் பாத்தேன். ஓட்டை பெருசாச்சு, ஆனா உள்ள ஒரே மோர்க்கொழம்பு. நடுவுல ஒரு சக்கரம் இருக்குல்லா, அதைத் திரும்புற மட்டும் திருப்பியாச்சு, என் பவருக்கு அது எட்ட மாட்டேங்குது. சரி, இது இப்படித்தான் போலன்னு நெனச்சுக்கிட்டேன். கீழ எறங்கி வந்ததும் செண்பகம் கேட்டா, 'நல்லாத் தெரியுதா?'

என்ன சொல்லியிருப்பேன்? ஆமா ஆமான்னேன்.

அதோட விட்டேனா? கடைக்கு வாரவன் போறவன்கிட்டயெல்லாம் பெருமை. அந்தப் பெருமை போய் தளவாய் அண்ணாச்சி காதுல விழுந்துட்டு. அவாதான் திருப்பணிக் கமிட்டித் தலைவர். நேரா கடைக்கு வந்துட்டாவ. 'ஆவுடையப்பா, ஒன் வீட்டு மாடி கோயிலுக்கு நேர் எதுக்க இருக்கு. கையில சாமானும் இருக்கு. கருடன் வந்ததும் நீ பச்சைக்கொடி காட்டு. அதைப் பாத்துத்தான் பட்டர் தண்ணி ஊத்துவாரு'ன்னாவ. எனக்குத் தலைகால் புரியலை சார். அப்பவே முடியாதுன்னு சொல்லியிருக்கணும். வாய் என்ன சொல்லியிருக்கும்னு உங்களுக்கே தெரியும்.

இதுக்கு நடுவுல வீட்டுல ஒரு திருட்டு. திருட்டுன்னா சாமான் போகலை. நான் தெனம் சாயங்காலம் கோபுர உச்சியப் பாத்து, சக்கரத்தைச் சரியா நிறுத்தி, அதே எடத்துல ஒரு ஸ்டிக்கர் பொட்டை ஒட்டி வச்சிருந்தேன். செண்பகத்தோட பொட்டுதான், செவப்பு. சக்கரத்துல ஒண்ணு, அதுக்கு நேரா பைனாகுலர் உடம்புல ஒண்ணு. மறுநாள் வந்து பாத்தா ரெண்டு பொட்டும் ஆளுக்கொரு பக்கம் நிக்குது! தெனமும் இப்படி. பீரோவுல வச்சுப் பூட்டுனாலும் இப்படி. ஒரு நாள் பாத்தா ஒரு பொட்டே மாறியிருக்கு சார். என் பொட்டு விழுந்துபோயி, யாரோ மெரூன் கலர் பொட்டை ஒட்டி வச்சிருக்கான். எவ்வளவு கள்ளத்தனம்!

யாரு செஞ்சிருப்பா? வீட்டுக்கு வந்து போறது ஒரே ஆளு, என் மச்சினன் குத்தாலிங்கம். செண்பகத்தோட தம்பி. எலெக்ட்ரீசியன். எந்தச் சாமானைக் கண்டாலும் திருகிப் பாக்கிற கை. கூப்பிட்டு நேருக்கு நேரா கேட்டுட்டேன். 'அத்தான், நான் தொடவே இல்லை'ன்னான். அப்ப இந்த மெரூன் பொட்டு எப்படி வந்துதுன்னேன். 'நான் பொட்டு வச்சுக்கிட்டா திரியுதேன்?'னு கோவப்பட்டு எந்திரிச்சுப் போயிட்டான். அதுக்கப்புறம் வீட்டுப் பக்கம் எட்டிப் பாக்கலை.

தம்பியச் சொன்னதும் செண்பகம் ஏறிக்கிட்டு வருவான்னு பாத்தா, அடுப்பைப் பாத்துக்கிட்டு நிக்கா. ராத்திரி எனக்கு அப்பளம் கூட ஒண்ணு. அவளும் அந்த மாசம் பூரா ஒரு மாதிரியாத்தான் இருந்தா. திடீர்னு, 'பின்தெரு டீச்சர் வீட்டு மாடியில தக்காளி போட்டிருக்காவ, நல்லாப் பழுத்துக் கெடக்கு'ம்பா. 'கோபுரத்துல மூணாவது நெலையில ஒரு பொம்மைக்கு மூக்குல பெயின்ட் அடிக்க விட்டுட்டாவ, அண்ணாச்சிகிட்டச் சொல்லுங்க'ம்பா. சொன்னேன். ஆளை ஏத்திப் பாத்தா நெசமாவே மூக்கு மட்டும் வெள்ளையா இருக்கு! அண்ணாச்சி என்னைக் கட்டிப் புடிச்சு, 'ஒன் பைனாகுலரே பைனாகுலர்'னாவ. பொம்பளைகளுக்கு எல்லாச் சேதியும் எப்படியோ வந்துருது சார், அது ஒரு தெறமை.

இன்னொண்ணும் சொன்னா. 'அந்த செல்போன் டவர்ல தெனம் ஒரு கருடன் வந்து உக்காருதுங்க. ரெண்டாவது தட்டுல.' நான் காதுல வாங்கலை. கருடன் வானத்துல வரணும், டவர்ல அதுக்கு என்ன வேலை?

கும்பாபிஷேகத்தன்னைக்கு எங்க மாடியில நிக்க எடமில்லை. சொந்தக்காரன், பக்கத்து வீட்டுக்காரன், யாரு யாரோ. எனக்குப் புது வேட்டி, நெத்தியில சந்தனம், கழுத்துல பைனாகுலர், கையில பச்சைக்கொடி. எதுக்க கோபுரத்துச் சாரத்துல பட்டர் குடத்தைத் தூக்கிட்டு நிக்காரு. அவரு பக்கத்துல என் கொடியப் பாத்துச் சொல்லுறதுக்கு ஒரு ஆளு. யாருன்னு நெனைக்கிய? குத்தாலிங்கம்! சாரத்துல ஏறி நிக்க அவனை விட்டா யாரு இருக்கா? என்கூட பேச்சு இல்லை, ஆனா என் கொடியத்தான் பாத்துக்கிட்டு நிக்கணும்.

மேளம் நின்னுட்டு. ஊரே வானத்தைப் பாக்குது. நான் ஓட்டைக்குள்ள பாக்கேன். மோதிரம் அளவு வானம். அதை வச்சுக்கிட்டு ஒட்டுமொத்த வானத்தையும் தேடணும்னா எப்படி? வலது பக்கம் போனா எடது பக்கம் போயிட்டு. ஒரு கருப்பு அசையுது. வந்துட்டான்னு கொடியப் பாதி தூக்கிட்டேன். ஊரே மூச்சை இழுத்துச்சு. பக்கத்துல நின்ன பொம்பளை ஒருத்தி மெதுவா, 'அண்ணாச்சி, அது காக்கா'ன்னா. எறக்கிட்டேன்.

வேர்த்து ஊத்துது. கண்ணாடி பூரா ஆவி. அந்த நேரத்துல மைக்குல தளவாய் அண்ணாச்சி குரல். 'ஆவுடையப்பன் அவர்கள் கவனிக்கவும். நல்ல நேரம் முடியப் போகிறது. ஆவுடையப்பன் அவர்கள் கருடனைக் கவனிக்கவும்.' எட்டு ஊருக்குக் கேக்குது சார்! எனக்கு அப்படியே மாடியில இருந்து குதிச்சுறலாமான்னு இருந்துச்சு. கருடன் வந்துட்டுன்னு சும்மாவே கொடியக் காட்டிருவமான்னு ஒரு நெனப்பும் வந்துச்சு. ஆமான்னு ஒரு கொடி. ஊரு கும்பிட்டுட்டுப் போயிரும். கை கூட எந்திரிச்சிட்டு.

யாரோ என் கழுத்தைப் புடிச்சு இழுத்தாவ. செண்பகம். வார் என் கழுத்துலயே கெடக்கு, அவ பைனாகுலரைப் புடிச்சு இழுத்தா நானும் கூடவே போறேன். 'குடுங்க இங்க'ன்னா. கண்ணு வைக்கிற எடத்துல ரப்பர் குல்லா இருக்கும்லா, அது ரெண்டையும் சுண்டு வெரலால மடக்குனா. படக், படக். வெத்தலை மடிக்கிற மாதிரி, பாக்கவே வேண்டாம்ங்கிற மாதிரி. ரெண்டு கொழலையும் புடிச்சு ஒரு நெருக்கு நெருக்குனா. சக்கரத்துல ஒரு திருகு. 'இப்பப் பாருங்க. கண்ணாடியோட.'

சார்.

மோதிரம் போயி தாம்பாளம் ஆயிட்டு சார்! ரெண்டு ஓட்டை ஒண்ணாச் சேந்துட்டு. ஓரத்துல இருட்டு இல்லை, ஒண்ணும் இல்லை, எல்லாம் பளிச்சுனு. மொதல்ல அதுல வந்தது யாரு தெரியுமா? குத்தாலிங்கம் மூஞ்சி. வேர்த்து விறுவிறுத்து, கண்ணைச் சுருக்கிக்கிட்டு என்னையே பாத்துக்கிட்டு நிக்கான். மீசையில சந்தனம் ஒட்டியிருக்கு. கையை நீட்டுனா தொடலாம். நான் என்னை அறியாம 'மாப்ளே'ன்னுட்டேன். சத்தமா.

'அவனை அப்புறம் கொஞ்சலாம்'னு செண்பகம் என் நாடியப் புடிச்சுத் திருப்புனா. 'டவரைப் பாருங்க. ரெண்டாவது தட்டு. இந்தத் தடவை ஆமாங்காதிய. தெரிஞ்சதுக்கப்புறம் சொல்லுங்க'ன்னா. ஏன் அப்படிச் சொன்னாளோ, இன்னும் எனக்குப் புரியலை.

நான் என்ன சொன்னேன்னா, 'தெரியலையே'ன்னு சொன்னேன் சார். வாழ்க்கையில மொதத் தடவை. மாடியில அத்தனை பேரும் கேக்க. அவ ஒரு பொட்டு மேல தூக்குனா என் நாடிய.

இருந்துச்சு. உக்காந்திருந்துச்சு. தலை வெள்ளை, நெஞ்சு வெள்ளை. முதுகெல்லாம் நம்ம செம்புப் பானையப் புளி போட்டுத் தேச்சா ஒரு நெறம் வருமே, அந்த நெறம். கழுத்தைச் சாய்ச்சு என்னைப் பாக்கு. அப்புறம் ஒரு எட்டு வச்சு, றெக்கைய விரிச்சு எறங்குச்சு பாருங்க, அடடா! றெக்கை வழியா வெயில் தெரியுது சார். நான் பின்னாலயே போறேன். அது திரும்புனா நானும் திரும்புதேன். கோபுரத்துக்கு மேல வந்து ஒரு வட்டம். இன்னொரு வட்டம். எனக்குச் சிரிப்பு வருது, அழுகையும் வருது. 'செண்பகம், தெரியுதுட்டி! எனக்குத் தெரியுதுட்டி!'ன்னு கத்துதேன்.

மைக்குல அண்ணாச்சி, 'ஆவுடையப்பன் அவர்கள் கொடி காட்டவும், ஆவுடையப்பன் அவர்கள் கொடி'ன்னு கெஞ்சுதாவ. எனக்குக் காதுல விழவே இல்லை. கொடின்னு ஒண்ணு கையில இருக்கிறதே மறந்துபோச்சு சார். அது பாட்டுக்கு மூணாவது வட்டம் போடுது, நான் பாட்டுக்கு வாயைப் பொளந்துக்கிட்டு நிக்கேன். செண்பகம்தான் என் கையை, கொடியோட சேத்துப் புடிச்சு, மேல தூக்கி ஆட்டுனா. தூரத்துல இருந்து பாத்தவன்லாம் நான் ஆட்டுனேன்னுதான் நெனச்சிருப்பான். பட்டர் ஊத்துனாரு. தண்ணி தெறிச்சு எங்க மாடி வரைக்கும் வந்துச்சு. பைனாகுலர் பூரா தண்ணி. நான் கண்ணை எடுக்கவே இல்லை.

மத்தியானம் குத்தாலிங்கம் சாப்பிட வந்துட்டான். யாரும் கூப்பிடலை, அவனே வந்தான். எலையில உக்காந்து, 'அத்தான், அங்க இருந்து பாத்தேன், அழுதிய'ன்னான். கலசத் தண்ணி பட்டிருக்கும்லேன்னேன். செண்பகம் அவனுக்கு ரெண்டு வடை, எனக்கு ரெண்டு வடை வச்சா. வச்சுட்டு, 'சக்கரத்தைத் திருப்புனது நான்தான். மெரூன் பொட்டும் என்னுதுதான்'னா. மத்தியானம் நான் கடைக்குப் போனதும் தெனம் மாடிக்குப் போயிருக்கா. அவளும் படிக்கிற கண்ணாடி, தூரக் கண்ணாடி எல்லாம் சேத்து ஒண்ணு போட்டிருக்கா. கண்ணாடி போட்ட கண்ணை அந்த ரப்பர்தான் கிட்ட விடாம தள்ளி நிறுத்துதுன்னு, மொத நாளே அதை மடக்கிப் பாத்திருக்கா. பாத்து முடிச்சதும் மறுபடி நிமித்தி வச்சிருவாளாம். 'ஏட்டி, எங்கிட்டச் சொல்லியிருக்கலாம்லா'ன்னேன். 'நல்லாத் தெரியுதான்னு கேட்டேன், நீங்க ஆமான்னிய'ன்னா. குத்தாலிங்கத்துக்குப் புரையேறிட்டு.

எனக்காகத்தான் பழகியிருக்கா சார். வேற எதுக்கு? என் வேலை கெட்டுறக்கூடாதுன்னு முன்னக்கூட்டியே பழகி வச்சிருக்கா. அதை வெளிய சொல்லத் தெரியலை, அவ்வளவுதான்.

இப்ப நான் எங்க போறேன்னு கேக்கலையே நீங்க. தூத்துக்குடிக்குத்தான். இன்னொண்ணு வாங்க. பழசு அவகிட்ட இருக்கு. கேட்டா தரமாட்டேன்னு சொல்லலை, 'இந்தா தாரேன்'ம்பா. பொழுது அடைஞ்சிரும், கைக்கு வராது. ஆளுக்கு ஒண்ணு இருந்தா, கடையை ஒரு வாரம் பூட்டிட்டு ரெண்டு பேரும் எங்கயாவது போலாம்னு இருக்கோம். மலைக்கு, கொளத்துக்கு, எங்கன்னு இல்லை. நான் பாக்க வேண்டியது கொள்ளை கெடக்கு சார். ஆமான்னு சொன்னதையெல்லாம் ஒரு தடவை போயிப் பாக்கணும்.

ஆழ்வார்குறிச்சி தாண்டி சிக்னலுக்கு நின்னுட்டு போலயே. சார், சார், அந்தா பாருங்க. கொளத்துக் கரையில, அந்தத் தனிப் பனை. அதோ! மட்டையில வெள்ளையா ஒரு பொட்டு, டவர்ல உக்காந்திருந்த அதே மாதிரி! கருடன்தான் சார்! அதோ, அதோ!

தெரியுதா?

ஆமாவா? சார், அந்த ஆமாவை நான் எத்தனை வருசமாச் சொல்லியிருக்கேன், எனக்கு அந்த மூஞ்சி தெரியாதா? அது பறக்குறதுக்குள்ள வாங்க. அந்த ரப்பரை மடக்குங்க. ம், அப்படி. கண்ணாடியக் கழட்டாதிய. இப்ப உங்க நாடிய இங்கன குடுங்க.